‘நலம், வேலைக்குத் திரும்பிவிட்டார்’

நான் பொய் எழுதியவள். ஆய்வுப் பணிக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு என்னைப் பற்றி முதலில் தெரிய வேண்டியது இதுதான். மற்றதெல்லாம் இந்தக் கூட்டத்தின் அழைப்பிதழில் போட்டிருக்கிறார்கள்: தேனியில் வார்டு நர்ஸாகத் தொடங்கினேன், பிறகு மருந்து ஆய்வுகளில் ஒருங்கிணைப்பாளராக வேலை பார்த்தேன், ஓய்வு பெற்று இப்போது அல்லிநகரத்தில் வீட்டோடு இருக்கிறேன். போதாக்குறைக்கு ‘நேர்மையின் சிகரம்’ என்று ஒரு வரி சேர்த்திருக்கிறார்கள். யார் கேட்டார்கள் அதை? அந்த வரியை அடித்துவிட்டுத்தான் பேசுவேன்.

விதிமுறைப் புத்தகம் கொடுத்திருப்பார்கள். நல்ல புத்தகம், படியுங்கள். நான் சொல்லப்போவது நான் தப்புச் செய்து கற்றுக்கொண்டது. கேட்டுவிட்டு என்மேல் கோபம் வந்தால் வரட்டும். எனக்கே இன்னும் ஆறவில்லை.

அப்போது எங்கள் மருத்துவமனையில் சிறுநீர்த் தொற்றுக்கு ஒரு புது மாத்திரையைச் சோதித்துக்கொண்டிருந்தோம். வழக்கமான மருந்து எதற்கும் அசையாத கிருமி இருக்கிறதே, அதற்கு. நம் பக்கத்தில் அந்தக் கிருமிக்குப் பஞ்சமா என்ன? காய்ச்சல் என்றால் மெடிக்கல் கடையில் இரண்டு மாத்திரை. கேட்காவிட்டால் வேறு கலரில் இரண்டு மாத்திரை. இப்படித் தின்று தின்று கிருமிகளுக்கு நாமே தேகப்பயிற்சி கொடுத்து வளர்த்து வைத்திருக்கிறோம். அப்புறம் ஆளைப் படுக்கவைத்து நாள்கணக்கில் ஊசி ஏற்ற வேண்டியதாகிவிடுகிறது. கூலிக்குப் போகிற பெண் பத்து நாள் ஆஸ்பத்திரியில் படுத்தால் வீட்டில் அடுப்பு எரியுமா? வீட்டிலிருந்தே சாப்பிடுகிற மாதிரி ஒரு மாத்திரை வந்துவிட்டால் எவ்வளவு பெரிய காரியம்! அந்த மாத்திரை ஜெயிக்க வேண்டும் என்று நான் மனதார ஆசைப்பட்டேன். அதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன்.

பேச்சியம்மாள் சுருளிப்பட்டிக்காரி. நாற்பது வயது இருக்கும், சர்க்கரை உண்டு. திராட்சை வெட்டு இருந்தால் உள்ளூர்த் தோட்டத்தில் வேலை. இல்லாத நாளில் விடியற்காலை ஜீப் ஏறி, மலைக்கு மேலே கேரளாப் பக்கம் ஏலத்தோட்டத்தில் காய் எடுக்கப் போவாள். குளிர்க் காய்ச்சலோடு எங்களிடம் வந்தாள். ஆய்வைப் பற்றி நான் அரை மணி நேரம் விளக்கினேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, “மொதல்ல எலிக்குக் குடுத்துப் பாத்துருப்பீகள்ல, எலி பொழச்சுச்சா சிஸ்டர்?” என்றாள். பிழைத்தது என்றேன். “அப்பச் சரி, எலிக்கு ஒரு நாயம், எனக்கு ஒரு நாயமா இருந்துராது” என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டாள்.

ஏழு நாள் மாத்திரை. மூன்றாம் நாளே காய்ச்சல் விட்டுவிட்டது. ஏழாம் நாள் பரிசோதனைக்கு வந்தபோது ஒரு கிலோ பன்னீர் திராட்சை கொண்டுவந்தாள். ஆய்வில் இருப்பவர்களிடம் எதுவும் வாங்கக்கூடாது என்று சொன்னேன். என் எதிரிலேயே உட்கார்ந்து பாதியைத் தின்றாள், மீதியை “மறந்து” வைத்துவிட்டுப் போனாள். அப்படி ஒரு ஆள் அவள். எனக்கு அவளை ரொம்பப் பிடித்துப்போயிற்று.

இருபத்தெட்டாம் நாள் வந்து சிறுநீர் கொடுக்க வேண்டும். அதில் கிருமி இல்லை என்றால்தான் குணம் என்று கணக்கு. பேச்சி வரவில்லை. வர முடியாதவர்களைப் பற்றிப் போனிலாவது விசாரித்து எழுதலாம் என்று விதியில் ஒரு சலுகை உண்டு. மறுநாள் மருந்துக் கம்பெனி சார்பில் ஃபைல்களைச் சரிபார்க்க ஆள் வருவதாக இருந்தது, மானிட்டர் என்போம். காலிக் கட்டத்தோடு ஃபைலைக் காட்டினால் நமக்கு வெட்கமாக இருக்குமே! போன் போட்டேன். பேச்சியின் நாத்தனார் எடுத்தாள். பேச்சி மலைக்குப் போய்விட்டாள் என்றாள். உடம்பு எப்படி இருக்கிறது என்று கேட்டேன். வேலைக்குப் போகிறாளே, பிறகென்ன என்றாள். நான் பேனாவை எடுத்து எழுதினேன்: ‘நலம், வேலைக்குத் திரும்பிவிட்டார்.’ கையெழுத்து, தேதி. முடிந்தது வேலை.

வெளியூரிலிருந்து வந்த ஒரு நர்ஸ் இப்படி எழுதியிருந்தால் மன்னிக்கலாம். நான் இந்தப் பள்ளத்தாக்கில் பிறந்தவள். என் அம்மா தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு காய்ச்சலோடு ஜீப் ஏறியதை எத்தனையோ முறை பார்த்தவள். ஜீப்பில் ஒவ்வொருவருக்கும் ஓர் இடம் உண்டு. நான்கு நாள் சேர்ந்தாற்போல் போகாவிட்டால் கங்காணி அந்த இடத்தில் வேறு ஆளை ஏற்றிவிடுவார். அந்தப் பருவமே போச்சு. அதனால் உடம்புக்கு முடியாதவளும் ஏறி உட்கார்ந்துகொள்வாள். மேலே போனதும் மற்றப் பெண்கள் அவளை நிழலில் உட்காரவைத்துவிட்டு, அவள் பங்குச் செடிகளை ஆளுக்குக் கொஞ்சமாகப் பிரித்து எடுத்துக் கொடுத்துவிடுவார்கள். காட்டிக் கொடுக்க மாட்டார்கள். நாளைக்குத் தனக்கும் அதே கதி வரும் என்று ஒவ்வொருத்திக்கும் தெரியும். இவ்வளவும் எனக்கும் தெரியும். தெரிந்திருந்தும் எழுதினேன்.

நான்கு நாள் கழித்து, மருத்துவமனை வராந்தாவில் ஒருவர் என்னைக் கும்பிட்டார். பேச்சி போகிற ஜீப்பின் டிரைவர். அன்றைக்கு வண்டியை வேறு ஆளிடம் கொடுத்துவிட்டு, மனைவியைப் பரிசோதனைக்கு அழைத்து வந்திருந்தார். பேச்சியக்காவுக்கு நீங்கள்தானே வைத்தியம் பார்த்தீர்கள் என்று பேச்சை ஆரம்பித்தார். பத்து நாளாக அவளை முன்சீட்டில் போர்வையைச் சுற்றி உட்காரவைத்துத்தான் கூட்டிப் போகிறாராம். மேலே போனாலும் நிழலில் சுருண்டு கிடக்கிறாளாம். நான் விரல் விட்டு எண்ணினேன். பத்து நாள் என்றால், நான் ‘நலம்’ என்று எழுதிய அன்றைக்கும் அவள் மலையில் நடுங்கிக்கொண்டுதான் இருந்திருக்கிறாள்.

அன்று மாலையே கம்பம் பஸ் ஏறி, அங்கிருந்து ஆட்டோ பிடித்துச் சுருளிப்பட்டி விலக்கில் போய் நின்றேன். ஜீப்புகள் ஒவ்வொன்றாக இறங்கி வந்தன. பேச்சியை இரண்டு பெண்கள் தாங்கி இறக்கினார்கள். அவள் என்னைப் பார்த்தாள். பார்த்ததும் என்ன செய்தாள் தெரியுமா? போர்வையை உருவி அடுத்தவள் கையில் திணித்துவிட்டு, முதுகை நிமிர்த்தி நின்று சிரித்தாள். என்னை ஏமாற்றுகிறாளாம்! கழுத்தில் கை வைத்தேன், கொதித்தது.

ஏன் வரவில்லை என்று கேட்டேன். கோபமாகத்தான் கேட்டேன். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

“நீங்க அம்புட்டு நல்லாப் பாத்தீக. மருந்து கேக்கலன்னு வந்து நின்னா ஒங்களுக்குல்ல கெட்ட பேரு? மேலெடத்துல இருந்து வந்து கேப்பாகளாம்ல.”

செருப்பால் அடித்திருந்தால்கூட எனக்கு அவ்வளவு வலித்திருக்காது. கடையில் காய்ச்சல் மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டு, எனக்குக் கெட்ட பெயர் வரக்கூடாது என்று பத்து நாளாகப் பொறுத்திருக்கிறாள். அப்போதும் உடனே வர மறுத்தாள். நாளைக்கு ஜீப்பில் இடம் போய்விடுமே என்றாள். தாங்கி நின்ற பெண்களில் ஒருத்தி, “ஒஞ் சீட்டுல எவளும் ஒக்கார மாட்டா, நாங்க பாத்துக்கிறோம், நீ வெரசாப் போத்தா” என்று அவளை என் ஆட்டோவில் தள்ளாத குறையாக ஏற்றிவிட்டாள்.

மருத்துவமனைக்கு வந்து சேரும்போது ரத்த அழுத்தம் இறங்கியிருந்தது. நேராக ஐ.சி.யூ. தொற்று சிறுநீரகத்தைப் பிடித்து, ரத்தத்திலும் கலந்திருந்தது. சிறுநீரைப் பரிசோதனைக் கூடத்தில் வளர்த்துப் பார்த்தபோது அதே கிருமிதான். இப்போது எங்கள் மாத்திரைக்கும் அசையவில்லை. சிறுநீரகம் தப்புமா, ஆள் தப்புவாளா என்று மூன்று நாள் யாராலும் சொல்ல முடியவில்லை.

மறுநாள் காலை அவள் ஃபைலைத் திறந்தேன். எழுதியதை அழிக்கக்கூடாது, வெள்ளை மை பூசக்கூடாது. ஒரே ஒரு கோடு, பழையது படிக்கிற மாதிரித் தெரிய வேண்டும், பக்கத்தில் சரியானதையும் காரணத்தையும் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். இது உங்களுக்குச் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். நான் கோடு போட்டேன். காரணம் என்ற இடத்தில், ‘நோயாளியிடம் நான் பேசவில்லை, அவர் வேலைக்குப் போவதை வைத்து ஊகித்து எழுதினேன்’ என்று எழுதினேன். பெரிய டாக்டரிடம், அதாவது எங்கள் மையத்தில் ஆய்வுக்குப் பொறுப்பாளராக இருந்தவரிடம், காட்டிவிட்டு, ஆபத்தான நிலை என்று கம்பெனிக்கும் தகவல் அனுப்பினேன்.

தகவல் போன மறுநாளே மானிட்டர் வந்து நின்றார். நல்ல பையன், மரியாதையாகப் பேசுவான். என்மேல் அக்கறையோடுதான் சொன்னான்: இருபத்தெட்டாம் நாளோடு கணக்கு முடிந்தது, போன் விசாரணை விதிப்படி செல்லும், இப்போது வந்திருப்பதைப் புதுத் தொற்று என்று தனியாக எழுதிக்கொள்ளலாம், உங்கள் கையாலேயே உங்களுக்கு எதிராக ஏன் எழுதுகிறீர்கள் மேடம்? அவன் சொன்னது எதுவும் விதிக்கு வெளியே இல்லை. அதுதான் எனக்கு எரிச்சலாக இருந்தது. பத்து நாளாகக் காய்ச்சலில் கிடந்தவளுக்கு நடுவில் ஒரு நாள் குணமாகியிருந்ததாம்!

மற்ற மையங்களில் இப்படிப் பிரச்சினை வரவில்லை என்றான். அங்கேயும் போனில்தான் விசாரித்தார்களா என்று கேட்டேன். அவன் கையிலிருந்த ஃபைலைப் புரட்ட ஆரம்பித்தான். அப்போதுதான் எனக்கு உறைத்தது. மற்றவர்களைச் சொல்கிறேனே, நான் என்ன கிழித்தேன்? என் அலமாரியைத் திறந்து ஒவ்வொரு ஃபைலாகப் புரட்டினேன். ‘நலம், வேலைக்குத் திரும்பிவிட்டார்.’ இன்னொன்றிலும் அதே. அதற்கடுத்ததிலும் அதே. எல்லாம் என் கையெழுத்து. எல்லாரும் மலைக்கும் திராட்சைத் தோட்டத்துக்கும் போகிறவர்கள். ஒருவரிடமாவது நான் நேரடியாகப் பேசியிருக்கிறேனா என்று யோசித்தேன். இல்லை.

இவர்கள் எல்லாரையும் கூப்பிட்டுச் சிறுநீர் பார்த்தாக வேண்டும் என்றேன். திட்டத்தில் அதற்கு இடமில்லை என்றான் அந்தப் பையன். பேச்சு பெரிய டாக்டர் அறைக்குப் போனது. கம்பெனி மேலாளர் ஒருவர் போனில் இருந்தார்.

பெரிய டாக்டர் கெட்டவர் இல்லை. அந்த ஆய்வால்தான் பரிசோதனைக் கூடத்துக்கு ஒரு நல்ல கருவி வந்திருந்தது, மூன்று பேருக்குச் சம்பளம் ஓடியது. இது கை நழுவினால் அவர்கள் தெருவில் நிற்பார்கள் என்ற பயம் அவருக்கு. கொஞ்சம் பொறுமையாக யோசிக்கலாம்மா என்றார். ஃபைலில் கோடு போட்டது போட்டதாக இருக்கட்டும், மற்றவர்களைக் கிளற வேண்டாம் என்று போனில் இருந்தவர் சொன்னார். எனக்குப் பொறுமை என்பது பிறவியிலேயே கம்மி.

“முழுப் பூசணிக்காயச் சோத்துல மறைக்கலாம் சார். பேச்சி மாடியில ஐ.சி.யூ.ல கெடக்கா. அவள எந்தச் சோத்துல மறைப்பீக?”

போனில் இருந்தவர், இப்படிப் பிடிவாதம் பிடித்தால் இந்த மையத்தையே மூட வேண்டி வரும் என்றார். மூடுங்கள் என்றேன். மருந்து வேலை செய்கிறதா என்று கண்டுபிடிக்கத்தானே ஆய்வு? வேலை செய்யாத இடத்தில் வேலை செய்தது என்று எழுதினால், நாளைக்கு ஊர் ஊராக இந்த மாத்திரையைக் கொடுப்பார்கள். எத்தனை பேச்சி நிழலில் கிடப்பாள் என்று கேட்டேன். என் பொய்யை நான் அடிப்பேன், அதற்கு யாருடைய அனுமதியும் எனக்குத் தேவையில்லை என்றும் சொன்னேன். ஆய்வுகளை மேற்பார்க்கும் நெறிமுறைக் குழுவுக்கு எழுதி வைத்திருந்த கடிதத்தை டாக்டர் மேஜையில் வைத்தேன். அவர் அதை இரண்டு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு என் கையெழுத்துக்குக் கீழே கையெழுத்துப் போட்டார். ஒன்னால எனக்கு பிரஷர் மாத்திரை ஒண்ணு கூடிப்போச்சும்மா என்று பிற்பாடு பல வருடம் என்னைக் கேலி செய்துகொண்டிருந்தார். துணிச்சல் இருப்பவர் போடுகிற கையெழுத்து பெரிதில்லை. பயந்துகொண்டே போட்டாரே, அந்த மனுஷனை நான் மறக்க மாட்டேன்.

சொன்னபடியே செய்தார்கள். எங்கள் மையத்தில் ஆய்வை மூடினார்கள். ஃபைல்களைப் பெட்டியில் கட்டி எடுத்துப் போனார்கள், மற்றவர்களின் விலாசமும் போன் நம்பரும் அதோடு போயின. பரிசோதனைக் கூடத்தில் ஒருவருக்கு வேலை போயிற்று, என்னை மறுபடி வார்டுக்குப் போட்டார்கள். கேன்டீனில் சிலர் என்னோடு பேசுவதை நிறுத்தினார்கள். தன் வாயால் கெட்டாள் என்று என் காதுபடவே ஒருத்தி சொன்னாள். வேலை போனவனின் முகத்தைப் பார்க்கும்போது எனக்கும் வேதனையாகத்தான் இருந்தது. ஆனால் செய்தது தப்பு என்று ஒரு நாளும் தோன்றவில்லை, இன்றைக்கும் தோன்றவில்லை. திரும்ப அதே நாள் வந்தாலும் அதையேதான் செய்வேன்.

ஐ.சி.யூ.வில் சேர்த்த நான்காம் நாள் பேச்சிக்குக் காய்ச்சல் இறங்கியது. டயாலிசிஸ் வரை போகாமல் சிறுநீரகம் தப்பியது, முழுதாக இல்லாவிட்டாலும். வார்டுக்கு மாற்றிய அன்று அவள் கட்டிலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். அவளைக் கேட்காமலே அவள் சுகமாக இருப்பதாக எழுதியதைச் சொன்னேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டினால் தேவலை என்றும் இருந்தது. அவள் ஒரு கேள்விதான் கேட்டாள்.

“நான் ஒங்களுக்காக மறச்சேன் சிஸ்டர். நீங்க யாருக்காக மறச்சீக?”

ஒரு காலிக் கட்டத்துக்காக என்று சொல்லவா? எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள்தான் என் கையைப் பிடித்துக்கொண்டாள். மருந்து கேட்கவில்லை என்று நீ சொல்வதுதான் எனக்கு வேண்டியது, அதைச் சொல்லத்தான் உன்னைக் கூப்பிட்டோம் என்று அப்போதுதான் அவளுக்குச் சொன்னேன். கையெழுத்து வாங்குகிற அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டிய வார்த்தை. அரை மணி நேரம் விளக்கினேனே, அந்த ஒரு வார்த்தையை விட்டுவிட்டேன்.

அதனால் சொல்கிறேன், கேட்டுக்கொள்ளுங்கள். வராதவரைக் குணமானவர் என்று எழுதாதீர்கள். வரவில்லை என்று எழுதுங்கள். போனை எடுத்தவரிடம் நோயாளியின் உடம்பைப் பற்றிக் கேட்டுத் திருப்திப்படாதீர்கள். காலிக் கட்டத்தைப் பார்த்து யாராவது முறைத்தால் முறைக்கட்டும். நம் மக்களுக்கு நமக்குப் பிடித்த பதிலைச் சொல்கிற நல்ல குணம் ஒன்று இருக்கிறது. ஆய்வுக்கு அதைவிட எமன் வேறில்லை. கையெழுத்து வாங்கும்போதே, கேட்கவில்லை என்று வந்து சொல்கிறவர்தான் எனக்குப் பெரிய உபகாரம் செய்கிறவர் என்று சொல்லி வையுங்கள்.

பேச்சி வீட்டுக்குப் போன பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை. எனக்கு வார்டில் காலை வேலை. வாட்ச்மேன் வந்து, கீழே ஒரு கூட்டம் நிற்கிறது, ஓ.பி. கிடையாது என்றாலும் போக மாட்டேன் என்கிறார்கள், உங்களைத்தான் கேட்கிறார்கள் என்றார். இறங்கிப் போனேன். ஏழெட்டுப் பேர் நின்றார்கள். அன்றைக்கு ஜீப் ஓடாது. ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன், எல்லாரும் என் ஃபைலில் நலமாக இருந்தவர்கள். எங்கள் மாத்திரை சாப்பிட்டவர்கள் யார் யார் என்று ஜீப்பில் விசாரித்து, பேச்சி வீடு வீடாகப் போய்ச் சொல்லியிருக்கிறாள்.

முன்னால் நின்றவள் தயங்கித் தயங்கிக் கேட்டாள். “மருந்து கேக்கலன்னு சொன்னா நீங்க எழுதிக்கிருவீகன்னு பேச்சி சொன்னா. நெசந்தானா சிஸ்டர்?”

ஆய்வு மூடியாகிவிட்டது. என்னிடம் ஒரு படிவம்கூடக் கிடையாது. பரிசோதனைக் கூடத்துக்காரரை வீட்டிலிருந்து வரச் சொல்லிவிட்டு, வார்டிலிருந்து ஒரு கோடு போட்ட நோட்டை எடுத்து வந்தேன். அவளை நாற்காலியில் உட்காரவைத்து, முன்பு வேறு யாரிடமோ போனில் கேட்ட கேள்வியை அவளிடமே கேட்டேன்.

“மருந்து கேக்கல சிஸ்டர்,” என்றாள்.

அப்படியே எழுதினேன்.